மீதி கணக்கருக்கு

ஏட்டி பூரணி, அழுதது போதும், அந்த நோட்டை மூடி வையி. எழுவத்தஞ்சு மிட்டாயை ஒம்பது பிள்ளைகளுக்குப் பங்கு வச்சா ஆளுக்கு ஆறு, மீதி இருவத்தொண்ணுன்னு எழுதியிருக்க. டீச்சர் செவப்பு மையில பெருசா ஒரு சுழி சுழிச்சிருக்கு. சுழிக்கத்தான் செய்யும். மூக்கைச் சிந்திட்டு இங்கன ஆச்சி பக்கத்துல வந்து படு. தம்பியையும் கூப்பிடு, ஆனா அவன் காலைத் தூக்கி என் மேல போடக் கூடாது, இப்பவே சொல்லிட்டேன்.

சரி, கேளுங்க. ரொம்ப காலத்துக்கு முன்னாடி, கொம்பூத்து கொம்பூத்துன்னு ஒரு ஊரு இருந்துச்சாம். அந்த ஊருல நாப்பத்தெட்டு வீடு. நாப்பத்தொம்பதாவது வீடு ஏன் இல்லைன்னு கேக்காத, யாரும் கட்டலை, அதான் இல்லை. ஊருக்கு வெளிய மேட்டுல மட்டும் தனியா ஒரு காரை வீடு, அது கணக்கர் வீடு. ராசா எதைக் குடுத்து அனுப்பினாலும் அதை நாப்பத்தெட்டு வீட்டுக்கும் பங்கு வைக்கிறதுதான் அவரு வேலை. பங்கு வைக்கிறவருக்குப் பங்கு கிடையாது. ஆனா மீதி உண்டு.

அது என்ன சட்டம்னு கேளு. ராசாவோட பாட்டன் காலத்துல நாப்பத்தொம்பது பூசணிக்கா வந்துச்சாம், வீட்டுக்கு ஒண்ணு குடுத்தது போக ஒரே ஒரு பூசணிக்கா மிஞ்சிச்சாம், அது எனக்கு உனக்குன்னு ஊரே அடிச்சுக்கிட்டு ஆறு பேருக்கு மண்டை ஒடைஞ்சுச்சாம். பூசணிக்கா ஒடையலை. அந்த ராசா வந்து பாத்தாரு, ஆறு மண்டையையும் பாத்தாரு, பூசணிக்காயையும் பாத்தாரு, உடனே கல்லுல வெட்டி வச்சுட்டாரு: பங்கு ஊருக்கு, மீதி கணக்கருக்கு. அதுக்கப்புறம் சண்டையே இல்லை. ஒரு வருசம் மூணு மாங்கா மீதி, ஒரு வருசம் ஏழு கத்திரிக்கா மீதி, கணக்கரு அதை மடியில கட்டிக்கிட்டுப் போவாரு, யாருக்கும் வருத்தம் இல்லை.

அப்புறம்தான் தீத்தாரப்பரு வந்தாரு. புதுக் கணக்கரு. கஞ்சி போட்ட வேட்டி, நடந்தா சரக் சரக்குன்னு சத்தம் வரும், வேட்டி வந்த பின்னாடிதான் ஆளு வருவாரு. அவரு வந்த அன்னைக்கே நேரா அந்தக் கல்லுகிட்ட போயி நின்னு ஒரு தரம் படிச்சாரு, ரெண்டு தரம் படிச்சாரு, மூணு தரம் படிச்சாரு. மீதி கணக்கருக்குன்னு இருக்கு. எவ்வளவு மீதின்னு இல்லை. சிரிச்சுக்கிட்டே வீட்டுக்குப் போயி தானியம் கொட்டி வைக்கிற பத்தாயம் ஒண்ணு பெருசாச் செய்யச் சொன்னாரு.

மொதல்ல தேங்கா வந்துச்சு. அரமனைத் தோப்புல இருந்து நானூறு தேங்கா. ஊரு சனம் பூரா ஆலமரத்தடியில கூடி நின்னுச்சு. தீத்தாரப்பரு கண்ணை மூடினாரு, வாய்க்குள்ள முணுமுணுத்தாரு, எழுத்தாணியால ஏட்டை டக் டக் டக்குன்னு மூணு தட்டு தட்டினாரு. "வீட்டுக்கு ஆறு! மீதி கணக்கருக்கு!"ன்னாரு. எல்லாருக்கும் ஆறு ஆறு தேங்கா கெடைச்சுச்சு. பாத்தா இன்னும் ஒரு குமி கெடக்கு, வண்டி வச்சுத்தான் ஏத்தணும், நூத்திப் பன்னெண்டு தேங்கா.

ஒரு பெரியவரு தலையைச் சொறிஞ்சுக்கிட்டே, "கணக்கரய்யா, மீதி கொஞ்சம் பெருசா இருக்கே"ன்னாரு.

"மீதின்னா அப்படித்தான்யா இருக்கும்."

"அப்படியாய்யா, சரிங்கய்யா"ன்னுட்டு அவரு போயிட்டாரு. அவுக எல்லாரும் என்ன நினைச்சாகன்னா, பங்குக்குத்தான் கணக்கு இருக்கு, மீதி மழை மாதிரி, எவ்வளவு வேணா வரும்னு நினைச்சாக. நீ சிரிக்காத. நீயும் இன்னைக்குச் சாயங்காலம் அதைத்தான் நினைச்ச.

அந்தக் கூட்டத்துல முப்பிடாதின்னு ஒருத்தி இருந்தா. ஊருல கல்யாணம், சடங்கு, கோயில் கொடை எதுன்னாலும் பந்தி பரிமாறுறது அவதான். அவளுக்கு எண்ணத் தெரியுமான்னா, எண்ணுவா, ஆனா பாதியில யாராவது பேசினா மறந்துருவா, மொதல்ல இருந்து எண்ணுவா, அதனால எண்ணுறதையே விட்டுட்டா. பந்தியில நின்னு ஒரு பார்வை எலையைப் பாப்பா, ஒரு பார்வை அண்டாவைப் பாப்பா, "எலைக்கு ஒன்றரைக் கரண்டி"ம்பா. அம்புட்டுத்தான். கடைசி எலை வரைக்கும் வந்துரும், அண்டா அடியில கொஞ்சம் ஒட்டிக்கிட்டிருக்கும். எதைக் கேட்டாலும் 'உத்தேசமா'ன்னுதான் ஆரம்பிப்பா, அதனால ஊருக்குள்ள அவளுக்கு 'உத்தேசம்'னே பேரு. "ஏ உத்தேசம், உனக்கு என்ன வயசு?"ன்னு கேட்டுச் சிரிப்பாக. அவளும் "உத்தேசமா முப்பது"ன்னு சொல்லிட்டுப் போயிருவா.

அந்த முப்பிடாதி, "உத்தேசமா எட்டு வரணுமே"ன்னா. எல்லாரும் சிரிச்சாக. தீத்தாரப்பரும் சிரிச்சாரு, ஆனா ஒரு நொடி தாமதிச்சுச் சிரிச்சாரு.

அப்புறம் வெல்லம் வந்துச்சு. முந்நூறு அச்சு வெல்லம். கண்ணை மூடினாரு, முணுமுணுத்தாரு, டக் டக் டக். "வீட்டுக்கு நாலு! மீதி கணக்கருக்கு!" வீட்டுக்கு நாலு அச்சு வெல்லம் போச்சு, மேட்டு வீட்டுக்கு நூத்தி எட்டு போச்சு. "உத்தேசமா ஆறு வரணுமே"ன்னா முப்பிடாதி. சிரிச்சாக. மேட்டு வீட்டுல இருந்து பாகு காச்சுற வாசனை மட்டும் ஊருக்குப் பங்கில்லாம வந்துச்சு.

மூணாவது வந்துச்சு பாரு, அதுதான் வெனை. அது வெத நெல்லு.

என்னன்னா, ரெண்டு வருசமா கொம்பூத்துல மழை இல்லை. குளம் காஞ்சு பாளம் பாளமா வெடிச்சுக் கெடக்கு. யாரு வீட்டுலயும் ஒரு பிடி வெத நெல்லு இல்லை, எல்லாத்தையும் குத்திக் கஞ்சி வச்சுக் குடிச்சாச்சு. அந்தச் சீமையில இன்னொரு சட்டமும் உண்டு, மூணு வருசம் வெதைக்காமக் கெடந்தா அந்த வயலு அரமனைக்குப் போயிரும். முப்பிடாதிக்கு குளத்துக்குக் கீழ ஒரே ஒரு வயலு. புருசன்காரன் பனையில இருந்து விழுந்து காலு ஒடிஞ்சு கட்டில்ல கெடக்கான். அந்த வயலும் போச்சுன்னா அவளுக்கு ஒண்ணும் இல்லை, ஊரை விட்டுப் போக வேண்டியதுதான். வயலு மொத்தத்துக்கும் வெதைக்க இருவது மரக்கா நெல்லு வேணும். ஒரு மூலை வெதைக்காமக் கெடந்தாலும் அது தரிசுக் கணக்குல போயிரும், மொத்த வயலையும் எடுத்துருவாக. சட்டம் போட்டவங்க அவளைக் கேட்டுப் போடலை.

ராசா ஆயிரம் மரக்கா வெத நெல்லு அனுப்பினாரு. நல்ல ராசாதான். சும்மா சொல்லக் கூடாது. ஒரே ஒரு கொறை, எண்ணுன்னு ஒண்ணைக் கேட்டாலே அவருக்குக் கொட்டாவி வந்துரும்.

ஆலமரத்தடியில நெல்லைக் கொட்டினாக. கண்ணை மூடினாரு, முணுமுணுத்தாரு, டக் டக் டக். "வீட்டுக்குப் பதினஞ்சு மரக்கா! மீதி கணக்கருக்கு!"

எல்லாரும் பதினஞ்சை வாங்கிக்கிட்டு நகர, முப்பிடாதி மட்டும் நெல்லு வாங்கக் கொண்டு வந்த சொளகோட அப்படியே நிக்கா. "கணக்கரய்யா, உத்தேசமாப் பாத்தா இருவது வரணும்யா."

"எப்படி வரும்?"

"நம்ம ஊருல நாப்பத்தெட்டு வீடு. அது என் மண்டையில நிக்காது, அம்பதுன்னு வச்சுக்கிடுதேன். அம்பது வீட்டுக்கு இருவது இருவதா அளந்தா ஆயிரம் சரியாப் போயிரும். நம்ம அம்பதுக்கு ரெண்டு வீடு கொறவுதான? அப்போ இருவதும் வந்து, கொஞ்சம் மிஞ்சவும் செய்யும்லய்யா."

தீத்தாரப்பரு சுத்தி ஒரு பார்வை பாத்தாரு. சனம் லேசா நின்னு கேக்க ஆரம்பிச்சிருந்துச்சு. உடனே கொரலை ஒசத்திட்டாரு. "இல்லாத ரெண்டு வீட்டைச் சேத்துக்கிட்டுக் கணக்குப் போடுதா! அந்த ரெண்டு வீடு எங்க இருக்கு, காட்டு பாப்போம்! கணக்குல உத்தேசம் உண்டாவே? கணக்கைப் பழிச்சுட்டா. ராசா வரட்டும், நீ சொன்னதை அவருகிட்ட சொல்லுதேன்"ன்னு சொல்லிட்டு, எரநூத்தி எம்பது மரக்கா நெல்லையும் வண்டியில ஏத்திக் கொண்டு போயி பத்தாயத்துல போட்டுப் பூட்டிட்டாரு. சனமும் "ஆமா, இல்லாத வீட்டை எப்படிச் சேக்கலாம்"னு கலைஞ்சு போயிட்டு. சனம் அப்படித்தான் போகும்.

தம்பி தூங்கிட்டானா? இல்லையா? கண்ணு முழிச்சிருக்கான். இப்போ திங்கிற சாமான் வரும், பேசாம இரு.

அந்த வருசம் குளம் முழுசாக் காஞ்சதால தூர் வாரிப்புடணும்னு ராசா நினைச்சாரு. அளவுகாரன் வந்து குளத்துல எறங்கிப் பாத்து, அய்யாயிரம் கூடை மண்ணு அள்ளணும்னு சொல்லிட்டான். அதையும் வீட்டுக்கு இத்தனை கூடைன்னு பங்கு வச்சு ஊரேதான் சுமக்கணும். மொத மம்பட்டி போட ராசாவே கொம்பூத்துக்கு வந்தாரு. ராசா வந்தா பந்தி இல்லாமலா? அரமனை அரிசி, அரமனை நெய்யி. வீட்டுக்கு ஒரு எலை, நாப்பத்தெட்டு எலை போட்டாக. பரிமாறுறது முப்பிடாதி. பரிமாறுறவ உக்கார முடியாதே, அதனால அவ வீட்டு எலையில ராசா உக்காந்தாரு.

ராசா எலையில கை வைக்கிறதுக்கு முன்னாடியே தீத்தாரப்பரு ஆரம்பிச்சுட்டாரு. "மகராசா, இந்தப் பொம்பளை ஆயிரத்தை நாப்பத்தெட்டால..."

ராசாவுக்குக் கொட்டாவி வந்துட்டு. "சாப்பிட்டுட்டு விசாரிப்போம்"னாரு.

சோறு வந்துச்சு, பருப்பு வந்துச்சு, நெய்யி வந்துச்சு. அப்புறம் அதிரசம் வந்துச்சு. எரநூத்தம்பது அதிரசம், பெரிய பனைநார்க் கூடையில. பாகு பதம் தப்பாம, ஓரம் முறுகலா, நடுவுல மெத்துன்னு. இப்பல்லாம் யாரு சுடுதா அப்படி? உங்க அம்மா போன தீவாளிக்குச் சுட்டாளே, அதைப் பத்தி நான் ஒண்ணும் சொல்லலை.

முப்பிடாதி கூடையோட பந்திக்கு முன்னால வந்து நின்னா. கண்ணை மூடினா. வாய்க்குள்ள முணுமுணுத்தா. கரண்டியால கூடை விளிம்பை டக் டக் டக்குன்னு மூணு தட்டு தட்டினா. எலைக்கு ரெண்டு அதிரசம் வச்சுக்கிட்டே போனா. நாப்பத்தெட்டு எலையும் முடிஞ்சுச்சு. முடிஞ்சதும் கூடையைத் தூக்கிக்கிட்டுப் போயி ஒரு ஓரமா சம்மணம் போட்டு உக்காந்து, கூடையை மடியில வச்சுக்கிட்டு ஒரு அதிரசத்தை எடுத்துத் திங்க ஆரம்பிச்சுட்டா.

ராசா தன் ரெண்டையும் தின்னு முடிச்சாரு. வெரலை நக்கினாரு. எலையைப் பாத்தாரு. முப்பிடாதியைப் பாத்தாரு. "ஏம்மா, அதிரசம் தீந்துட்டா?"

"தீரலை மகராசா. பங்குதான் முடிஞ்சுட்டு."

"அப்போ மடியில இருக்கிறது என்ன?"

"இது மீதி மகராசா. பங்கு பந்திக்கு, மீதி பரிமாறுறவளுக்கு."

"என்னம்மா சொல்லுத, கூடையில பாதிக்கு மேல கெடக்கே!"

"மீதின்னா அப்படித்தான் மகராசா இருக்கும்"னுட்டு அவ அடுத்த வாயை மென்னா.

ராசாவுக்குக் கோவம் வந்துட்டு. கொட்டாவி எங்க போச்சுன்னே தெரியலை. எந்திரிச்சே நின்னுட்டாரு. "எலை எத்தனை, கூடையில கெடக்குறது எத்தனை! எலையைவிடக் கூடையில கூட இருந்தா இன்னொரு சுத்து வரும்லம்மா! அதுக்கு மேலயும் இருந்தா அதுக்கும் மேல ஒரு சுத்து வரும்! எலைக்குப் பத்தாமப் போனாத்தான் அதுக்குப் பேரு மீதி! இது சின்னப் பிள்ளைக்குக் கூடத் தெரியுமே!"

நாப்பத்தேழு வீட்டுக்காரங்களும் தின்னுக்கிட்டிருந்ததை நிறுத்திட்டு மெதுவா தலையைத் திருப்பி தீத்தாரப்பரைப் பாத்தாக. தீத்தாரப்பருக்கு விக்கல் எடுத்துச்சு.

முப்பிடாதி எந்திரிச்சா. "மன்னிக்கணும் மகராசா"ன்னு சொல்லிட்டு இன்னொரு சுத்து வந்தா, இன்னொரு சுத்து வந்தா, இன்னொரு சுத்தும் வந்தா. எலைக்கு அஞ்சு ஆச்சு. கூடையைச் சாச்சுக் காட்டினா, ஒம்பது கெடந்துச்சு. பத்து கெடந்திருக்கணும், ஒண்ணு அவ தின்னுட்டா. "இதுதான் மகராசா மீதி. இதே சுத்துதான் நான் நெல்லுலயும் கேட்டேன். வீட்டுக்குப் பதினஞ்சோட நிறுத்திட்டு, மீதின்னு வண்டியில ஏத்திக்கிட்டுப் போயிட்டாக. இருவது இல்லைன்னா என் வயலு போயிரும் மகராசா"ன்னா. அதுவரைக்கும் தைரியமாப் பேசினவ, வயலுன்னு சொல்லும்போது கூடையை இறுக்கிப் பிடிச்சுக்கிட்டா. பின்ன, இருக்காதா?

ராசா திரும்பினாரு. "என்ன கணக்கரே?"

தீத்தாரப்பரு விக்கலை முழுங்கிட்டுக் கையக் கட்டிக்கிட்டு நின்னாரு. "மகராசா, சுத்து வரும்கிறது சரிதான். எத்தனை சுத்து வரும்னு கண்டுபிடிக்கிறதுதான் கஷ்டம். அதிரசம் கண்ணுக்குத் தெரியுது. நெல்லு பத்தாயத்துக்குள்ள போயிட்டு. உள்ள போனதை வெளிய எடுக்கணும்னா சரியான கணக்கு வேணும், உத்தேசம் செல்லாது, அது சட்டம். பெரிய எண்ணு மகராசா. ஏடு பாக்கணும், வாய்ப்பாடு பாக்கணும், அடிச்சு எழுதணும், திருத்தணும். அடியேனுக்கு எப்படியும் ஒரு வருசம் ஆகும். அறியாம வந்த தப்பு."

"ஒரு வருசமா?"

"வேகமாப் போட்டா ஒரு வருசம் மகராசா."

எண்ணு கஷ்டம்கிறது ராசாவுக்கு நல்லாத் தெரியும். அவரு மனசு எளகிட்டு. "சரிதான். அறியாம வந்த தப்புக்குத் தண்டனை கிடையாது, தப்பைத் திருத்த ஒரு வருசம் தவணை. இதுதான் என் தீர்ப்பு"ன்னுட்டாரு.

முப்பிடாதி கூடையக் கீழ வச்சா. அடுத்த வருசம் அவளுக்கு வயலு ஏது? அழுகை வந்துச்சு. ஆனா பந்தியில அழுதா உப்புக் கூடிரும்னு சொல்லுவாக, அதனால அழலை. கரண்டியைக் கையில எடுத்துக்கிட்டா. அப்புறம் கேட்டா.

"மகராசா, குளத்து மண்ணை யாரு பங்கு வைக்கப் போறா?"

"கணக்கர்தான்."

"நெல்லை அவுக வச்சாக, மண்ணை நான் வைக்கட்டுமா? எனக்கும் பெரிய எண்ணு வராது. தப்பு வந்தா அறியாம வந்ததுன்னு மன்னிக்கணும்."

"மன்னிப்பேன். இப்பத்தான தீர்ப்பு சொன்னேன்."

"மீதி யாருக்கு மகராசா?"

"எங்க பாட்டன் சட்டத்தை நான் மாத்த முடியாது. மீதி கணக்கருக்கு."

அதைக் கேட்டதும் தீத்தாரப்பரு சிரிச்சாரு. அந்த ரெண்டு வார்த்தையைக் கேட்டாலே சிரிக்கிறது அவருக்குப் பழக்கம்.

முப்பிடாதி கண்ணை மூடினா. முணுமுணுத்தா. டக் டக் டக். "ஆயிரம் ஆயிரமா அஞ்சு ஆயிரம் கூடை. வீட்டுக்கு எம்பது கூடை! மீதி கணக்கருக்கு!"

என்ன பூரணி? ஆமா, அம்பது வீட்டுக்கு நூறுன்னா அய்யாயிரம், அப்போ நூத்துக்கு மேல வரணும். உனக்குத் தெரியுது. அவளுக்குத் தெரியாதா? சும்மா படு.

தீத்தாரப்பரு சிரிச்சபடியே ஒரு நொடி நின்னாரு. அப்புறம் சிரிப்பு அப்படியே எறங்கிச்சு. வேட்டி சரக் சரக்குன்னு ராசா முன்னால ஓடி வந்தாரு. "மகராசா! அநியாயம்! வீட்டுக்கு எம்பதுன்னா ஊருக்கு மூவாயிரத்து எண்ணூத்தி நாப்பதுதான் ஆச்சு, ஆயிரத்து நூத்தி அறுவது கூடை என் தலையில வருது! அதுல நாப்பத்தெட்டு நாப்பத்தெட்டா இன்னும் இருவத்திநாலு சுத்து வரும்! வீட்டுக்கு நூத்தி நாலு! என் மீதி எட்டு! எட்டே எட்டுக் கூடை மகராசா!"ன்னு ஒரே மூச்சுல சொல்லி முடிச்சாரு. ஏடு பாக்கலை. வாய்ப்பாடு பாக்கலை. வெரலைக் கூட மடக்கலை.

சொல்லி முடிச்ச பின்னாடிதான் என்ன சொன்னோம்னு அவருக்கே தெரிஞ்சுச்சு. மறுபடியும் விக்கல் எடுத்துச்சு.

ராசா கையக் கழுவினாரு. மெதுவாத் தொடைச்சாரு. "கணக்கரே, மண்ணுக்கு எவ்வளவு நேரம் ஆச்சு?"

கணக்கருக்கு விக்கல்தான் வந்துச்சு.

"ஒரு மூச்சு ஆச்சு. நெல்லுக்கு மட்டும் ஏன் ஒரு வருசம் ஆகும்?"

கணக்கரு எழுத்தாணியை எடுத்து மடியில சொருகினாரு.

"எரநூத்தி எம்பது மரக்காலுல இன்னும் எத்தனை சுத்து வரும்? இப்பவே சொல்லும்."

"அஞ்சு சுத்து மகராசா"ன்னாரு, தரையைப் பாத்துக்கிட்டு. "வீட்டுக்கு இருவது ஆகும். மீதி நாப்பது."

முப்பிடாதி பெருமூச்சு விட்டா. "நான் உத்தேசமாத்தான் மகராசா சொன்னேன்"ன்னா.

உடனே பத்தாயத்தைத் தொறந்தாக. அங்கனயே அஞ்சு சுத்து அளந்தாக, வீட்டுக்கு இருவது ஆச்சு. நாப்பது மரக்கா மிஞ்சுச்சு, அதைக் கணக்கருக்கே குடுத்துட்டாரு ராசா. சட்டம் சட்டம்தான். அப்புறம் அடிச்சுத் திருத்தினாப்புல ஒரு வார்த்தை சொன்னாரு: "அறியாமப் பண்ணினா மன்னிப்பு. நீரு அறிஞ்சே பண்ணினீரு. அதனால உமக்கு மன்னிப்பு இல்லை."

"மகராசா, அப்போ அந்த மண்ணு..."

"மண்ணை முப்பிடாதி அறியாமப் பங்கு வச்சுட்டா. மன்னிச்சாச்சு. திருத்தணும்தான். பெரிய எண்ணு, ஒரு வருசம் ஆகும். அதுவரைக்கும் அவ சொன்ன பங்கே இருக்கட்டும்."

அம்புட்டுத்தான். தீத்தாரப்பரு கஞ்சி போட்ட வேட்டியை மடிச்சுக் கட்டினாரு, தலைப்பாகையை அவுத்துச் சும்மாடு கூட்டினாரு, குளத்துல எறங்கினாரு. ஊருக்காரங்க எம்பது எம்பது கூடையை அள்ளி முடிச்சுட்டு கரையில உக்காந்து வெத்தல போட்டாக. அவரு அள்ளுதாரு, அள்ளுதாரு, அள்ளிக்கிட்டே இருக்காரு. கூடை பெருசா இருக்கேன்னு ஒருத்தன்கிட்ட சொன்னாராம். "மண்ணுன்னா அப்படித்தான்யா இருக்கும்"னு அவன் சொன்னானாம். அந்த நாப்பது மரக்கா நெல்லுக் கஞ்சியைக் குடிச்சுக் குடிச்சுத்தான் கடைசிக் கூடை வரைக்கும் சுமந்தாரு.

கடைசிக் கூடையைக் கொட்டின மறுநாளு மழை வந்துச்சு. குளம் நெறைஞ்சுச்சு. முப்பிடாதி வயலுல ஒரு மூலை விடாம வெதைச்சா, வரப்பு ஓரத்துல நின்னு பாத்து அன்னைக்குத்தான் அழுதா, நல்லாவே அழுதா.

ராசா அவளைக் கணக்கரா இருக்கச் சொன்னாரு. "எனக்கு உத்தேசம்தான் மகராசா வரும், அவுகளுக்குத்தான் சரியா வரும். அவுகளே இருக்கட்டும், பக்கத்துல நான் நிக்கேன்"னுட்டா. அதுல இருந்து கொம்பூத்துல எது வந்தாலும் மொதல்ல அவ உத்தேசமா ஒண்ணு சொல்லுவா, அப்புறம் தீத்தாரப்பரு சரியா ஒண்ணு சொல்லுவாரு. ரெண்டும் பக்கத்துல பக்கத்துல வந்தா பங்கு வைப்பாக. தள்ளித் தள்ளி வந்தா ஊரே கணக்கரைத் திரும்பிப் பாக்கும். அவரு உடனே இன்னொரு தரம் போட்டுப் பாத்துருவாரு. யாரும் அவரை 'அய்யா'ன்னு கூப்பிடுறதை நிறுத்தலை. ஆனா மேட்டு வீட்டுப் பத்தாயத்துல எலி கூடக் குடியிருக்கலை.

அதனாலதான் சொல்லுதேன், அடுத்தவன் பங்கை மீதின்னு பேரு மாத்தி எடுத்தா, அது எப்படியும் மண்ணாத் தலையில வந்து ஏறும்.

பங்கு வச்சது ஊருக்கு,
பாகு வச்சது அதிரசத்துக்கு,
கதையில மிஞ்சினது எறும்புக்கு,
காலை நீட்டிப் படு ஒறக்கத்துக்கு.

இரு, இரு. படுக்கதுக்கு முன்னாடி ஒண்ணு சொல்லிட்டுப் படு. எழுவத்தஞ்சு மிட்டாயி, ஒம்பது பிள்ளைக. ஆளுக்கு ஆறு குடுத்துட்ட, கையில இருவத்தொண்ணு கெடக்கு. என்ன பண்ணுவ?

இன்னும் ரெண்டு சுத்தா? ஆமா. அப்போ ஆளுக்கு எட்டு. கையில எத்தனை? மூணு. அதுல சுத்து வருமா? வராது. சரி, நாளைக்கு எழுதி டீச்சர்கிட்ட காட்டு.

அந்த மூணு மிட்டாயி யாருக்குன்னா கேக்க? சட்டம் தெரியும்ல. மீதி கதை சொன்னவளுக்கு.